இயல்பான நகர்வு

இளம்பரிதி அவித்த முட்டையை உரிக்கத் தொடங்கியபோதே ஆவுடைக்கு வயிற்றுக்குள் ஏதோ புரண்டு படுத்தது. ஜீப்பின் பின்சீட்டில் அவளுக்கும் அவனுக்கும் நடுவே அவனுடைய தோல்பை கிடந்தது, அதன்மேல் செய்தித்தாளை விரித்து ஓட்டைத் துண்டு துண்டாகப் பிய்த்து வைத்துக்கொண்டிருந்தான், ஒவ்வொரு துண்டுக்கும் அவன் நகம் வெள்ளைக்குள் இறங்கி ஏறியது, நகத்தோரத்தில் கறுப்பாக என்னவோ இருந்தது, பார்க்காதே என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பினாள், ஜன்னல் நிறைய மலை. இந்த இமயமலையை முப்பது வருஷத்துக்கு மேல் பார்த்தாயிற்று, படித்தாயிற்று, எழுதியாயிற்று, இன்னமும் ஜீப்பில் ஏறினால் நாலு வளைவு தாண்டுவதற்குள் குமட்டிவிடுகிறது, சவம், என்ன உடம்போ. மலை எப்படி எழுந்தது, அதன் காலடிப் பள்ளத்தில் வண்டல் எப்படிப் படிந்தது என்பதில் நாட்டிலேயே இவரை விட்டால் ஆளில்லை என்று நேற்றுச் சாயங்காலம் கம்பெனி விருந்தினர் விடுதியில் ஒருவன் அவளுக்குச் சால்வை போர்த்தினான். சால்வையில் பூச்சி உருண்டை வாசம். யாருக்கோ போர்த்தி, மடித்து வைத்து, மறுபடி எடுத்திருக்கிறார்கள். அந்த வாசம் இப்போதும் கழுத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது, அதோடு முட்டை, அதோடு டீசல், அதோடு முன்னால் டிரைவர் ரத்தன் சிங் கொளுத்தி வைத்திருந்த ஊதுபத்தி. "மேடம், ஒண்ணு சாப்பிடுங்களேன், வெறும் வயித்தோட மலை ஏறினா ஒத்துக்காது" என்று இளம்பரிதி உரித்த முட்டையை நீட்டினான், அது அவன் விரல்களுக்கு நடுவே ஈரமாக நடுங்கியது. "வேண்டாம்ப்பா, நீ சாப்பிடு." அவன் பாதியைக் கடித்தான், மஞ்சள் கரு தூளாக மடியில் உதிர்ந்தது.

போய்க்கொண்டிருந்தது ஒரு கிராமத்தைப் பார்ப்பதற்கு. பார்ப்பதற்கு என்றுகூடச் சொல்ல முடியாது, பார்த்தோம் என்று சொல்லிக்கொள்வதற்கு. நீர்மின் திட்டத்துக்காக மலைக்குள் சுரங்கம் குடைகிறார்கள், சுரங்கத்துக்கு மேலே கிராமம், கிராமத்தில் வீடுகள் விரிசல்விட்டுக் கிடக்கின்றன, ஊர்க்காரர்கள் வழக்குப் போட்டார்கள், நீதிமன்றம் மூன்று நிபுணர்கள் கொண்ட குழுவை நியமித்தது, மூன்றாவது ஆள் ஆவுடை. மற்ற இருவரும் போன வாரமே வந்து, சுரங்க வாயிலில் தலைக்கவசத்தோடு படம் எடுத்துக்கொண்டு, சாப்பிட்டு, கையெழுத்துப் போட்டுவிட்டுப் போயிருந்தார்கள். அறிக்கை எழுதித் தயாராகவே இருந்தது. எழுதியவன் இதோ பக்கத்தில் முட்டை தின்கிறான், அவளிடம் முனைவர் பட்டம் வாங்கியவன், இப்போது கம்பெனியின் ஆலோசகன், குழுவுக்கு உதவியாக என்று சொல்லிக் கம்பெனியே அவனை அனுப்பியிருந்தது, அதில் யாருக்கும் கூச்சம் இருந்ததாகத் தெரியவில்லை. வழவழவென்று போன அறிக்கை நடுவில் ஓரிடத்தில் அவளைத் தடுக்கிவிட்டிருந்தது, ஏனென்றால் அந்த வரி அவளுடையது. இந்தச் சரிவு பழைய நிலச்சரிவின் குவியல், இயல்பாகவே மெல்ல நகர்ந்துகொண்டிருக்கிறது. இருபது வருஷத்துக்கு முன்னால் அவள் எழுதிய கட்டுரையின் வரி. இயல்பாகவே. இயல்பாகவே மெல்ல. ஆகவே வீடுகள் வெடித்தது இயல்பான நகர்வால், சுரங்கத்தால் இல்லை, ஆவுடையம்மாள் அன்றே சொல்லிவிட்டாள், முடிந்தது. பொய்யாக இருந்தால் கிழித்துப் போடலாம். பொய் இல்லையே. இந்தச் சரிவில் தன் கையால் இரும்புக் குச்சிகள் நட்டு, வருஷா வருஷம் வந்து அளந்து கண்டுபிடித்தது. வருஷத்துக்கு ஓர் அரிசியின் அகலம்கூட இல்லை அந்த நகர்வு, அதையும் அதே கட்டுரையில் எழுதியிருந்தாள், அந்த வரியை மட்டும் விட்டுவிட்டார்கள். விட்டுவிட்டார்கள் என்று புகார் சொல்லவும் வழியில்லை, முழுக் கட்டுரையையும் பின்னிணைப்பில் சேர்த்திருந்தார்கள், வேண்டியவன் புரட்டிப் பார்க்கலாம், எவன் புரட்டுவான். உண்மையை எடுத்துக் கழுவித் துடைத்துப் பொய்யின் வாயில் பல்செட்டாக மாட்டியிருக்கிறார்கள். பல்செட்டு என்று நினைத்ததும் ஒரு கண்ணாடித் தம்ளர், அதன் தண்ணீருக்குள் சிரித்துக்கொண்டு கிடந்த சித்தப்பாவின் பற்கள், ஒரு பல்லிடுக்கில் கீரை நார், குமட்டல் தொண்டை வரை வந்து பார்த்துவிட்டு இறங்கியது. எச்சிலை விழுங்கினாள். புளித்தது.

இப்படிப் புளிக்க ஆரம்பித்தது இந்த மலைக்கு வந்த முதல் ஜீப்பிலேயே. திருநெல்வேலியிலிருந்து ஆய்வு மாணவியாக டேராடூனில் வந்து சேர்ந்த புதிது, ஜீப் நிறைய ஆண்கள், பாட்டு, பீடி, வண்டியை நிறுத்தச் சொல்ல வாய் வரவில்லை, நிறுத்தச் சொன்னால் பொம்பளையைக் கூட்டிவந்தால் இதுதான் என்பார்கள், அதைச் சொல்லக் காத்துக்கொண்டே இருந்தார்கள். பாறைத் துண்டுகளைப் போட்டுக் கட்டுவதற்காகக் கெட்டியான காடாத் துணிப்பைகள் கொடுத்திருந்தார்கள். அதில் ஒன்றை வாயோடு சேர்த்துப் பிடித்துச் சத்தமில்லாமல் வாந்தி எடுத்தாள், கழுத்தை முடிச்சுப் போட்டு மடியில் வைத்துக்கொண்டாள், வெதுவெதுவென்று இருந்தது. பேராசிரியர் திரும்பிப் பார்த்து, "வழியிலேயே சாம்பிள் எடுத்தாச்சா, என்ன அது?" என்றார். "களிமண், சார்." எல்லோரும் சிரித்தார்கள், கெட்டிக்காரி என்றார்கள். அவள் உத்தியோகம் முழுக்க அந்தக் கெட்டிக்காரத்தனம்தான். வாயைத் திறக்காமல் எடு, முடிச்சைப் போடு, மடியில் வைத்துக்கொள், களிமண் என்று சொல். மறைவு கிடைக்காது என்று பகலெல்லாம் தண்ணீர் குடிக்காமல் நடந்து நடந்து சிறுநீர்க் கடுப்பில் துடித்த நாட்களும் களிமண்தான். கூடாரத்துக்கு வெளியே ரம் குடித்துவிட்டு அவள் பெயரைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தவர்கள் மறுநாள் காலையில் மேடம், மேடம் என்று டீயோடு வந்து நின்றபோது வாங்கிக் குடித்தாளே, அதுவும் களிமண். ஆவுடை என்ற பெயர் அவர்கள் வாயில் ஒருநாளும் நுழையவில்லை, கார் கம்பெனி பெயர் மாதிரி ஆடி என்றார்கள், ஆடி மேடம், அதற்கும் திரும்பிப் பார்த்தாள். கல்லைக் கட்டிக்கொண்டு அழு என்று அக்கா போனில் சொன்னாள், கல்யாணப் பேச்சு நின்றுபோன வருஷத்தில். கல்லாவது நாறாது என்று பதில் சொன்னது ஞாபகம். கல் நாறும். ஈரமான களிப்பாறையை உடைத்தால் கோடிக்கணக்கான வருஷத்துக்கு முந்திச் செத்தது இன்னும் நாறிக்கொண்டுதான் இருக்கும்.

ஆனால் வேலை பிடித்திருந்தது, அதை இல்லை என்று சொன்னால் நாக்கு அழுகிவிடும். மலையைப் படிக்க மற்றவர்கள் உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்தபோது அவள் கீழே சமவெளிக்கு இறங்கினாள். மலையிலிருந்து ஆறுகள் அடித்துக்கொண்டு வந்து கொட்டிய மணலும் சேறும் கூழாங்கல்லும் மலையடிவாரப் பள்ளத்தில் மைல் கணக்கில் குவிந்து கிடந்தன, எண்ணெய்க்காகத் துளை போட்டவர்கள் அந்தச் சேற்றை நீள நீள உருளைகளாக உருவி எடுத்துப் பெட்டிகளில் அடுக்கியிருந்தார்கள், ஒரு தகரக் கொட்டகையில் அந்தப் பெட்டிகளோடு வருஷக்கணக்கில் உட்கார்ந்திருந்தாள். ஒரு வீட்டுக் குப்பைத்தொட்டியைக் கிளறினால் அந்த வீட்டுக்காரர்கள் எப்போது தின்றார்கள், எப்போது பட்டினி கிடந்தார்கள், எப்போது சண்டை போட்டுச் சட்டி உடைத்தார்கள் என்று தெரிந்துபோகும், அதைத்தான் மலைக்குச் செய்தாள். அடியில் நைசான சேறு, அப்போது மலை குட்டை. மேலே மணல், வளர்கிறது. அதற்கும் மேலே தலையளவு உருண்டைக் கற்கள், விறுவிறுவென்று எழுந்துவிட்டது. மலை தன்னைப் பற்றி என்ன சொல்லிக்கொண்டாலும் அது கழித்துப் போட்டது உண்மையைச் சொல்லிவிடும். இதைப் பாடமாகச் சொன்னபோது மாணவர்கள் கைதட்டினார்கள், முன்வரிசையில் ஒல்லியாக ஒருவன் கைதட்டாமல் எழுதிக்கொண்டிருந்தான், அதுதான் இளம்பரிதி. அந்த வருஷம் வகுப்பிலேயே அவன் ஒருவன்தான், மேடம் அப்போ இடையில கொஞ்சம் குப்பையை ஆறே அடிச்சிட்டுப் போயிருந்தா, என்று கேட்டவன். எவ்வளவு நல்ல கேள்வி. அந்தக் கேள்வி கேட்ட வாய்தான் இப்போது இரண்டாவது முட்டையை மென்றுகொண்டிருந்தது.

"மேடம், நீங்க ஒண்ணும் சங்கடப்படாதீங்க" என்றான் அவன், அவள் எதுவும் கேட்காதபோதே. "உங்க வரியைத்தான் போட்டிருக்கேன். ஒரு எழுத்து மாத்தல." "அதான் பார்த்தேன்." "மத்த ரெண்டு சாரும் உங்க பேப்பரைப் பார்த்துட்டுத்தான் கையெழுத்தே போட்டாங்க. அவ்ளோ மரியாதை உங்க மேல." மரியாதை. அவன் உதட்டோரத்தில் மஞ்சளாக ஒரு துணுக்கு ஒட்டியிருந்தது, சொல்லலாமா, துடைத்துக்கொள் என்று சொல்லலாமா, சொன்னால் பழைய மேடமாக, பழைய மாணவனாக ஆகிவிடுவோம், சொல்லவில்லை. அவனை முழுசாக வெறுக்க முடிந்தால் எவ்வளவு சௌகரியம். ஸ்பிட்டிப் பனிப்பள்ளத்தாக்கில் ஒருமுறை உயரம் ஒத்துக்கொள்ளாமல் அவள் கூடாரத்துக்குள்ளேயே கிடந்து கிடந்து வாந்தி எடுத்தபோது, மற்றவர்கள் மூக்கைப் பிடித்துக்கொண்டு வெளியே நின்றார்கள், இவன்தான் உள்ளே வந்தான், பனிக்கட்டியை உருக்கி, வெறுங்கையால், அத்தனையையும் அள்ளித் துடைத்தான், எங்கம்மாவுக்குச் செய்ய மாட்டேனா மேடம் என்றான். அந்தக் கைதான். அந்த நகத்தைப் பார்த்தா அருவருக்கிறாய், நீயெல்லாம் ஒரு மனுஷி. ஆனால் அருவருப்பு நன்றியைக் கேட்டுக்கொண்டா வருகிறது. வயிறு தன்பாட்டுக்குச் சுருள்கிறது. "இளம்பரிதி, ஊத்து வத்திப்போச்சுன்னு மனுவுல எழுதியிருக்காங்களே, அது அறிக்கையில வரலையே" என்றாள். அவன் செய்தித்தாளை ஓட்டோடு சேர்த்துச் சுருட்டினான். "மழை கம்மி மேடம். அப்படியும் ஒரு பாரா போடணும்னா போட்டுடலாம். நீங்க சொன்னா போட்டுடறேன்." போட்டுவிடுகிறான். எதைச் சொன்னாலும் போட்டுவிடுகிறான். ஜன்னல் கண்ணாடியை இறக்கி, சுருட்டியதைப் பள்ளத்தாக்கில் எறிந்தான், வெள்ளையாக விரிந்து சுழன்றுகொண்டு போனது.

ரத்தன் சிங் எதையோ கண்டு வேகத்தைக் குறைத்தான். சாலையை அகலப்படுத்த மலையைச் செங்குத்தாக வெட்டியிருந்தார்கள், வெட்டு இன்னும் பச்சைப்புண்ணாக இருந்தது, உரித்த தோலுக்கு அடியில் தெரிவதுபோல் சிவப்பும் சாம்பலுமாக, நசுங்கி, மடிந்து, பொடிந்துபோன பாறை, அதிலிருந்து நீர் கசிந்து துருநிறத்தில் வழிந்தது. வாளியோடு ஒரு எந்திரம் உறுமிக்கொண்டு மண்ணை நேராக ஆற்றில் தள்ளியது, ஆறு பால் விட்ட டீ நிறத்தில் ஓடியது. இதையா தேவபூமி என்கிறார்கள். படம் எடுத்துச் சட்டம் போடுகிறார்கள், யாத்திரை வருகிறார்கள், மலையைப் பார்த்ததும் கண்ணீர் விடுகிறார்கள், அவளும் ஒரு காலத்தில் விட்டாள். கடலடிச் சேறுதானே இது, செத்த சிப்பிகளும் நத்தைகளும் நாறிக் கிடந்த சேறு, இரண்டு நிலங்கள் முட்டிக்கொண்டதில் நடுவில் மாட்டிப் பிதுங்கி மேலே வந்தது, பிதுங்குவது இன்னும் நிற்கவில்லை, நிமிர்ந்த மாதிரி இருக்கிறதே தவிர ஒவ்வொரு மழைக்கும் அழுகி உதிர்கிறது. அதற்குள் இவர்கள் துளை போடுகிறார்கள். துளை போட்டவனுக்கு அவள் படம் வரைந்து கொடுத்தாள், எந்த அடுக்கு எங்கே, எது கெட்டி, எது பொடி. யாருக்கு வரைந்தோம் என்று அப்போது கேட்கவில்லை, அறிவியலுக்கு வரைகிறோம் என்று இருந்தாள், அறிவியலுக்கு என்ன முகவரி, எந்தத் தெருவில் இருக்கிறது அது. தலைக்கு மேலே ஒரு கல் உருண்ட சத்தம், ஜீப்பின் கூரையில் பொடிமண் சடசடவென்று கொட்டியது. இங்கேயே, இப்போதே, இந்த முட்டை வாசத்துக்குள் நசுங்கிச் செத்தால், என்று ஒரு பயம் வந்தது, சாவைப் பற்றிய பயமாகக்கூட இல்லை, நாளைப் பேப்பரில் பிரபல நிலவியல் அறிஞர் பணியின்போது மரணம் என்று போட்டு, அறிக்கையில் அவர் பெயரையும் கட்டம் கட்டிப் போட்டுவிடுவார்களே என்று. மறைந்த ஆவுடையம்மாள் அன்றே சொன்னார். இயல்பாகவே. இயல்பாகவே மெல்ல. "நிறுத்துப்பா" என்றாள். தமிழில் சொல்லிவிட்டோம் என்று உறைத்து, இந்தியில் கத்தினாள், "வண்டியை நிறுத்து!"

முதல் தடவையாக ஒரு ஜீப்பை நிறுத்தினாள். கதவைத் திறந்து இறங்கி, நாலடி கூடப் போக முடியவில்லை, சாலையோரத்தில் அந்தக் கிராமத்தின் முதல் வீட்டு முற்றம், அந்த முற்றத்தின் கல் விளிம்பைப் பிடித்துக்கொண்டு குனிந்தாள், வந்தது, காலை டீ, பச்சையாகப் பித்தம், பிறகு ஒன்றுமில்லாமல் வெறும் உலுக்கல், மூக்கு வழியாகவும் கண் வழியாகவும் வந்தது. இளம்பரிதி தண்ணீர் பாட்டிலோடு ஓடிவந்தான். வாயைக் கொப்பளித்தாள். கையைப் பேன்ட்டில் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தபோது எதிரே ஒரு பெண்பிள்ளை மண்வெட்டியோடு நின்றாள், நாற்பது நாற்பத்தைந்து இருக்கும், ஸ்வெட்டருக்கு மேல் சேலைத் தலைப்பை இழுத்துக் கட்டியிருந்தாள், முகம் கடுகடுவென்று இருந்தது. "வேற இடமே கிடைக்கலையா உனக்கு?" என்றாள் மலை இந்தியில். "என் வீட்டு வாசல்தானா?" ரத்தன் சிங் ஜீப்பில் இருந்தபடியே, "பஸந்தி அண்ணி, கோபப்படாதீங்க, கமிட்டி மேடம் இவங்க" என்றான். அது அவளை இன்னும் கிளப்பிவிட்டது. "கமிட்டியா! போன வாரம் வந்தானுங்களே, வண்டிக்குள்ள இருந்தபடியே ஜன்னலை இறக்கி கையை ஆட்டிட்டுப் போனானுங்க. இன்னிக்கு வந்தவ இறங்கி வாந்தி எடுத்துட்டா. அடுத்த கமிட்டி என்ன பண்ணும், உள்ள வந்து வெளிக்கிருக்குமா?" மண்வெட்டியால் முற்றத்து மண்ணை வாரி வாந்தியின் மேல் போட்டாள், ஒவ்வொரு வாரலிலும் மூக்கைச் சுளித்தாள். "கழுவி விடலாம்னா தண்ணி ஏது. லாரி தண்ணி மூணு நாளா வரல. குடிக்க வெச்சதை உன் வாந்திக்கு ஊத்தவா?" இளம்பரிதி, "மேடம், வண்டியில ஏறுங்க, இவங்ககிட்ட பேச்சுக் குடுக்க வேண்டாம்" என்று தமிழில் சொல்லி முழங்கையைத் தொட்டான். ஆவுடை கையை உருவிக்கொண்டாள். வாழ்க்கையில் எத்தனையோ பேர் அவளை எத்தனையோ விதமாக அருவருத்திருக்கிறார்கள், கூடாரத்துக்கு வெளியே நின்று, கதவுக்குப் பின்னால் நின்று, சிரித்துக்கொண்டு. இவ்வளவு நேராக, மண்வெட்டியோடு, முகத்துக்கு எதிரே யாரும் அருவருத்ததில்லை. அது என்னமோ வெயிலில் நிற்பதுபோல் இருந்தது. "தப்புதான்" என்றாள் ஆவுடை. "உங்க வீட்டைப் பார்க்கலாமா?" பஸந்தி அவளை மேலும் கீழும் பார்த்தாள். "ஷூவைக் கழட்டு" என்றாள்.

வாசற்படியில் உட்கார்ந்து பூட்ஸின் நாடாவை அவிழ்த்தாள், அவசரத்தில் முடிச்சு இறுகிக்கொண்டது. ஓராயிரம் பாறைகளின் மேல் இந்தப் பூட்ஸோடு ஏறியிருப்பாள், ஒரு விரிசலைப் பார்ப்பதற்கு இதைக் கழற்றச் சொன்னது இதுவே முதல். சாக்ஸின் நாற்றம் குப்பென்று வந்தது, கூச்சத்தில் காலை மடக்கிக்கொண்டே உள்ளே போனாள். தாழ்ந்த மர உத்தரம், ஈரமும் புகையும் கடுகெண்ணெயும் கலந்த வாடை, அடுப்பங்கரைச் சுவரின் நடுவே விரிசல், கிழிந்த சேலையையும் பழைய சாக்கையும் திணித்து அடைத்திருந்தார்கள். "ராத்திரியில குளிர் வருது, பாம்பு வருது, வேற என்னென்ன வருமோ" என்றாள் பஸந்தி, துணியை உருவிக் காட்டினாள். ஆவுடை முஷ்டியை நுழைத்தாள், நுழைந்தது, உள்ளேயிருந்து சில்லென்று காற்று. கீழே அகலம், மேலே போகப் போக ஒடுக்கம். நின்று பார்த்தாள், குனிந்து பார்த்தாள். சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்துத் தரையில் வைத்தாள், அது தயங்கி, பிறகு உருண்டு அறையின் நடுவுக்குப் போய் நின்றது. மறுபக்கச் சுவரோரம் வைத்தாள், அங்கிருந்தும் நடுவுக்கே வந்தது. இரண்டு சுவரும் உள்பக்கமாகச் சாய்ந்திருந்தன. வழுக்கிக்கொண்டு போகும் சரிவில் வீடு பள்ளத்தாக்கின் பக்கம் இழுபடும், விரிசல் பிறைபோல வளையும். இது எங்கும் வழுக்கவில்லை. அடியில் தாங்கிக்கொண்டிருந்தது போய்விட்டதால் நேராகக் கீழே அமிழ்ந்திருக்கிறது. பின்கதவுக்குப் போனாள், கதவு மூடாமல் கோணிக்கொண்டு நின்றது, வெளியே மாட்டுக்கொட்டகையின் சுவரிலும் அதே கோடு, அதற்கு அப்பால் ராஜ்மா விதைத்திருந்த வயலிலும் அதே கோடு, சரிவுக்குக் குறுக்கே, நூல் பிடித்தாற்போல, சுரங்கம் போகும் திசையில். "ஊத்து எங்க இருந்தது?" "அதோ அந்த அத்திமரத்தடியில. என் மாமியார் காலத்துலகூட வத்தினதில்ல. சுரங்கத்துக்குள்ள தண்ணி பீறிட்டுச்சுன்னு கூலிக்குப் போன பசங்க ஓடிவந்தாங்களே, அந்த வாரம் இங்க நின்னுச்சு. அப்புறம்தான் சுவர் வெடிச்சுது." தண்ணீரை உருவிவிட்டார்கள். தண்ணீர்தான் அந்தப் பழைய குவியலை உப்ப வைத்துத் தாங்கிக்கொண்டிருந்தது. எவ்வளவு எளிது, எவ்வளவு அசிங்கமாக எளிது. இதற்குச் சால்வை எதற்கு, அறிக்கை எதற்கு.

இளம்பரிதி வாசலில் ஷூவோடு நின்றுகொண்டிருந்தான், உள்ளே வரவில்லை. "பார்த்துட்டீங்களா மேடம்? கிளம்பலாமா, சைட்ல காத்திட்டிருக்காங்க." "சைட் இதுதான்" என்றாள். "நீயும் வந்து பாரு. பேனாவை வெச்சுப் பாரு, உனக்குத் தெரியாததா." அவன் அறையின் தரையைப் பார்த்தான், நடுவில் கிடந்த பேனாவைப் பார்த்தான், பார்வையை எடுத்துவிட்டான், அந்த ஒரு விநாடியில் அவனுக்கும் தெரிந்துவிட்டது, ஒருவேளை முன்னாலேயே தெரியும். "நான் கையெழுத்துப் போடல, இளம்பரிதி." "மேடம், ரெண்டு பேர் போட்டாச்சு. நீங்க போடலேன்னா மறுப்புக் குறிப்புன்னு ஒரு பக்கம் பின்னால சேர்ப்பாங்க. யாரும் படிக்க மாட்டாங்க." அவன் மிரட்டவில்லை, குரல் தணிந்துதான் இருந்தது, உண்மையான அக்கறையோடு, அதுதான் தாங்க முடியாததாக இருந்தது. "அப்ப நானே கோர்ட்டுக்கு வந்து நிக்கிறேன்." "வந்தா கம்பெனி வக்கீல் உங்க பேப்பரை எடுத்து அந்த வரியை வாசிப்பார். இது நீங்க எழுதினதான்னு கேப்பார். என்ன சொல்லுவீங்க?" "ஆமாம்னு சொல்லுவேன்." "அப்புறம்?" அப்புறம் என்ன. எல்லோர் முன்னாலும் அவள் வார்த்தையை அவள் வாயிலேயே திணிப்பார்கள், சிரிப்பார்கள், ஆடி மேடத்துக்கு வயதாகிவிட்டது என்பார்கள், டேராடூனில் டீக்கடை வரைக்கும் பேசுவார்கள், அடுத்த குழுவுக்குக் கூப்பிட மாட்டார்கள், சால்வைகூடக் கிடையாது. நினைக்க நினைக்க அருவருப்பாகத்தான் இருந்தது. அந்தச் சிரிப்பு இப்போதே காதில் கேட்டது. "அப்புறம் அரிசி அகலம்னு எழுதினதையும் வாசிக்கச் சொல்லுவேன். இந்தச் சுவருக்குள்ள என் முஷ்டி போச்சுன்னு சொல்லுவேன். நம்பினா நம்பட்டும்." "எனக்கு வேலை போயிடும் மேடம்" என்றான் கடைசியில், சின்னப் பிள்ளை மாதிரி. "போனாலும் போகலாம்" என்றாள். அவன் உதட்டில் அந்த மஞ்சள் துணுக்கு இன்னும் இருந்தது, இப்போது அதைப் பார்த்து அழுகை வந்தது, அழவில்லை. அவன் திரும்பி ஜீப்புக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான், கிளம்பிப் போகவும் இல்லை.

பஸந்திக்குத் தமிழ் ஒன்றும் புரிந்திருக்காது, ஆனால் கைகளை இடுப்பில் வைத்துக்கொண்டு முழுசையும் கேட்டுக்கொண்டு நின்றாள். "என்ன, சண்டையா?" "ஆமா." "எழுதப் போறியா நீயும்? முன்ன ஒருத்தன் வந்தான், அவனும் எழுதிக்கிட்டுதான் போனான்." "முதல்ல அளக்கணும்" என்றாள் ஆவுடை, "இந்த வீடு, கொட்டகை, வயல், மேல இருக்கிற வீடுங்க, எல்லாம். ஒருத்தர் இந்தப் பக்கம் பிடிச்சுக்கணும்." இடுப்புப் பையிலிருந்து அளவு நாடாவை எடுத்து அதன் நுனியை அவளிடம் நீட்டினாள். பஸந்தி வாங்கவில்லை. நீட்டிய கையை உற்றுப் பார்த்தாள், விரலிடுக்கில் காய்ந்திருந்ததைப் பார்த்தாள், முகம் கோணியது. "இது அடுப்பங்கரை" என்றாள். மூலையிலிருந்த பித்தளைக் குடத்தைச் சாய்த்து, அடியில் கிடந்த தண்ணீரை ஒரு குவளையில் மொண்டாள், கொஞ்சம் யோசித்து, பாதியைக் குடத்திலேயே திரும்ப ஊற்றினாள். மிச்சத்தோடு பின்வாசலுக்கு நடந்தாள். "ரெண்டு கையையும் நீட்டு" என்றாள். ஆவுடை நீட்டினாள்.